கண்ணை மூடிப் பாடிய கொனர்

1. ரெசின் வாளி

சுனாமி அடித்து ஐந்தாவது மாதம் எனக்கு அந்த வேலை கிடைத்தது. உடைந்த ஃபைபர் தோணிகளைத் திருத்த அயர்லாந்திலிருந்து கொனர் என்பவர் கல்முனைக்கு வந்திருந்தார். அவருடைய பேச்சை மொழிபெயர்ப்பது என் வேலை. நான் எட்டாம் வகுப்போடு பள்ளியை விட்டவன். கட்டாரில் லொறி ஓட்டினேன், கொழும்பில் கொத்து ரொட்டி போட்டேன், எங்கும் நிலைக்கவில்லை. லொறியில் பிடித்த இங்கிலீஷ் போதுமாக இருந்தது.

தோணியின் ஓட்டையை அடைக்கும் ரெசின் பசையைக் கலக்கிக்கொண்டே, அவருடைய ஊரில் என்ன தொழில் என்று கேட்டேன்.

"பாட்டு" என்றார்.

தகப்பன் மீன்பிடித்தவர்; அவரிடம் கேட்டுக் கேட்டுப் பிடித்த பாட்டுகள். பதினைந்து வயதில் லண்டனுக்குப் போயிருக்கிறார். பகலில் சீமெந்து வேலை, மாலையில் ஊர்க்காரர் கூடும் இடத்தில் பாட்டு. யாரோ கேட்டு ரெக்கோர்ட் போட்டார்கள். பிறகு நாடு நாடாகப் பாடினார். பாட்டு இல்லாத மாதங்களில் தோணி திருத்தினார். வாத்தியம் கிடையாது, தட்டும் தாளம் கிடையாது. அவர் ஊரில் கண்ணை மூடித் தனிக்குரலில் பாடுவார்கள். பாட்டு நெஞ்சை அடைத்தால் பக்கத்தில் இருப்பவர் பாடகரின் கையைப் பிடித்துக்கொள்வாராம்.

2. இரண்டு கயிறு

மாலையில் நான் ஹனீபா காக்காவின் கரைவலையில் கயிறு இழுத்தேன். வலையின் இரண்டு பக்கக் கயிற்றையும் கரையில் நின்று ஒரே அளவில் இழுக்க வேண்டும். அதற்குத்தான் அம்பா: ஒருவர் பாட்டெடுக்க, இழுப்பவர்கள் ஏற்றுப் பாடுவார்கள். எங்களுக்கு அம்பா எடுத்தவர் என் மூத்த சகோதரி ராத்தாவின் கணவர் சலீம் மச்சான். அவரைக் கடல் கொண்டுபோனது.

அவர் இடத்தில் வாய் திறக்க எவருக்கும் மனம் வரவில்லை. அவருடைய பாட்டை எடுத்தால் ராத்தாவின் முகத்தில் எப்படி முழிப்பது என்று நானும் பேசாமல் இருந்தேன். ஊமையாக இழுத்ததில் ஒரு பக்கம் முந்தியது, மீன் சேரும் வலைப் பையான மடி முறுகியது. இரண்டு தடவை மீன் தப்பிவிட்டது.

"நாளைக்கும் இப்பிடித்தான் எண்டா வலைய வித்துருவன். ஆளாளுக்கு வேற வேல பாருங்க" என்றார் ஹனீபா காக்கா. இருபது வீட்டுச் சோறு அந்த வலை.

கொனரிடம் சொன்னேன். "நான் பாடுகிறேன்" என்றார்.

"வெள்ளக்காரர் பாடினா மீன் விசா கேக்குமோ?" என்றார் காக்கா. ஆனாலும் மறுக்கவில்லை.

மறுநாள் கொனர் கண்ணை மூடிக்கொண்டு தொடங்கினார். அப்படி ஒரு குரலை நான் கேட்டதில்லை. ஆனால் எந்த இடத்தில் இழுப்பது என்று தெரியவில்லை. ஒரு வரி முடிவதற்குள் இரண்டு அலை வந்து போனது. வலது பக்கத்தார் இழுத்தார்கள். இடது பக்கத்தார் கேட்டுக்கொண்டு நின்றார்கள். கயிறு தொய்ந்ததில் முஸ்தபா மாமா பின்பக்கமாக மணலில் விழுந்தார்.

"காக்கா, இவரு பாடி முடிய மஃரிப் தொழுகைக்கு நேரமாகிரும்!" என்றார் விழுந்த இடத்திலிருந்தே.

எல்லோரும் சிரித்தார்கள். சுனாமிக்குப் பிறகு அந்தக் கரையில் நான் கேட்ட முதல் சிரிப்பு.

காக்கா சிரிக்கவில்லை. "மடி சுத்துதுடா! ஆராவது வாயத் தொறங்கடா!"

கொனர் கண்ணைத் திறந்து பார்த்தார். நேரே வந்து, கயிற்றில் இருந்த என் மணிக்கட்டைப் பிடித்தார். "நீ பாடு" என்றார், தனக்குத் தெரிந்த தமிழில்.

சலீம் மச்சான் எப்போதும் சொல்வது ஞாபகம் வந்தது: "பாட்டு வாயில இல்லடா, இழுக்கிறவன்ட கால்ல இருக்கு. கால் மண்ணுல ஊண்டினாப் பொறகுதான் அடுத்த அடியப் போடணும்."

இழுப்பவர்களின் கால்களைப் பார்த்தேன். கால்கள் ஊன்றின. சலீம் மச்சானின் அம்பாவை எடுத்தேன். இருபது வாய் ஏற்றது. மடி நேராகக் கரைக்கு வந்தது, நிறையக் கீரிமீனோடு.

வீட்டு வாசலில் ராத்தா நின்றாள்.

"அவர்ட அம்பாவத்தானே எடுத்தாய்?"

"ஓம் ராத்தா."

நான் கொண்டுவந்த கீரிமீனை வாங்கிக்கொண்டாள். பிறகு, "நாளைக்கும் எடு" என்றாள்.

3. மறுபடியும்

யுத்தம் முடிந்த வருடம் கொனர் திரும்பவும் வந்தார். தாடி நரைத்திருந்தது. கயிற்றின் கடைசி ஆளாக நின்று, கண்ணை நன்றாகத் திறந்துகொண்டு, என் அம்பாவுக்கு ஏற்றுப் பாடினார். முஸ்தபா மாமா, "வெள்ளக்காரர் பாஸாகிட்டாரு" என்றார்.

வலையைக் காயப்போட்ட பிறகு, அன்று பாதியில் விட்ட பாட்டைப் பாடச் சொன்னோம். கண்ணை மூடினார். பாதியில் குரல் அடைத்தது. நான் எழுந்து போய் அவருடைய கையைப் பிடித்துக்கொண்டேன். பாட்டு முடிந்தது.

பாடுவதைத் தொழிலாக எடுக்கிற பிள்ளைகளுக்கு நான் சொல்ல இருப்பது இவ்வளவுதான். சில பாட்டுக்குக் கண்ணைத் திறந்து மற்றவன் காலைப் பார்க்க வேண்டும். சில பாட்டுக்குக் கண்ணை மூடிக் கையை நீட்ட வேண்டும். எது எதற்கென்று பாட்டு எடுக்கும் முன்னரே பார்த்துக்கொள்ளுங்கள்.