‘ஓவர்மாரோ’ மாசிலாமணியார்

செய்தி வந்ததே குழப்பமாகத்தான் வந்தது. கோர்ட்டு பியூன் ஹாஷிம் சைக்கிளை வாசலில் சாய்த்துவிட்டு உள்ளே வந்து, "துபாஷி சுடா மெனிங்கல், கிராணி" என்றார். துபாஷி இறந்துவிட்டார் என்று மலாயில் சொல்கிறார். அது எனக்குப் புரிந்தது. ஆனாலும், "எந்தத் துபாஷி?" என்று கேட்டேன். எங்கள் கோர்ட்டில் தமிழுக்கு ஒரே ஒரு துபாஷிதான் உண்டு. ஹாஷிம் என்னைப் பரிதாபமாகப் பார்த்து, "நம்ம ஓவர்மாரோ" என்றார். கையிலிருந்த பேனாவை அப்போதுதான் கீழே வைத்தேன்.

அவரை அறியாதவர்களுக்காகச் சொல்கிறேன். திரு. மாசிலாமணி அவர்கள், மலாக்காவில் டவுனுக்குத் தள்ளியிருக்கும் எங்கள் மாவட்டக் கோர்ட்டில் பல ஆண்டுகள் துபாஷியாக இருந்தவர். தோட்டத்து ஜனங்கள் தமிழில் சொல்வதை மாஜிஸ்திரேட் துரைக்கு ஆங்கிலத்திலும், துரை சொல்வதை ஜனங்களுக்குத் தமிழிலும் சொல்வது அவருடைய வேலை. நான் அதே கோர்ட்டில் கிராணி, அதாவது குமாஸ்தா. அவரோடு ஒரே கூரையின் கீழ் வேலை பார்த்தேன், ஒரே கடையில் காப்பி குடித்தேன். அப்படியிருந்தும் அவர் எப்படிப்பட்ட மனிதர் என்று கேட்டால் இன்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை. போன மாதம் கேட்டிருந்தால் பளிச்சென்று சொல்லியிருப்பேன்.

அவர் திருநெல்வேலிப் பக்கத்துக் கிறிஸ்தவர். மிஷன் பள்ளிக்கூடத்தில் படித்துவிட்டு இளவயதில் கப்பலேறி, மலாக்கா டவுனில் கொஞ்ச காலம் வாத்தியார் வேலை பார்த்து, பிறகு கோர்ட்டுக்கு வந்தவர். நான் வேலையில் சேர்ந்த முதல் நாளே அவரைப் பார்த்து அரண்டு போனேன். வெள்ளைக் கோட்டைக் கழுத்துவரை பொத்தானிட்டு, கோயில் தூண் மாதிரி நின்றுகொண்டு, "நான் குடித்திருந்தேன், சார். மண்வெட்டியால் அவனை அடித்தேன், சார்" என்று ஆங்கிலத்தில் சொல்லிக்கொண்டிருந்தார். ‘இவ்வளவு கௌரவமான மனிதருக்கு இப்படி ஒரு கேஸா!’ என்று நினைத்துவிட்டேன். சாட்சி ‘நான்’ என்றால் துபாஷியும் ‘நான்’ என்றுதான் சொல்ல வேண்டும் என்பது பிறகுதான் தெரிந்தது.

இதனால் அவர் பட்ட பாடு கொஞ்சமல்ல. துரை தீர்ப்புச் சொன்னால் அதையும் இவர்தானே தமிழில் சொல்ல வேண்டும்? "நான் உனக்கு மூன்று மாத ஜெயில் தண்டனை கொடுக்கிறேன்" என்பார். தண்டனை பெற்றவனுடைய சொந்தக்காரர்கள் துரையை ஒன்றும் சொல்லமாட்டார்கள். வெளியே இவரை மறித்துக்கொள்வார்கள். "நீ யாருய்யா எங்க மாமனுக்கு ஜெயில் குடுக்கறதுக்கு? நீயும் தமிழன்தானே?" என்று ஒரு பெண் அவருடைய கோட்டைப் பிடித்து உலுக்கியதை நான் பார்த்திருக்கிறேன். அவள் உலுக்கி முடிக்கும்வரை அவர் நின்றிருந்து, கோட்டைச் சரி செய்துகொண்டு காப்பிக் கடைக்கு நடந்தார்.

இன்னொரு நாள் ஒரு குடிகாரன் கூண்டில் நின்றபடி துரையின் தாயாரை இழுத்து ஒரு வசவு விட்டான். கோர்ட்டே வெலவெலத்துப் போயிற்று. மாசிலாமணியார் கண்ணை ஒரு நொடி மூடித் திறந்து, அந்த வசவை ஒன்றுவிடாமல் ஆங்கிலமாக்கி, கடைசியில் ‘சார்’ சேர்த்து, துரையின் முகத்துக்கு நேரே சொன்னார். "அதையாவது கொஞ்சம் மழுப்பியிருக்கலாமே, அண்ணே" என்று பிறகு கேட்டேன். "கூட்டமாட்டேன், குறைக்கமாட்டேன்னு வேதத்தத் தொட்டுச் சொல்லியிருக்கேன், கிராணியாரே. அந்த ‘சார்’ ஒண்ணுதான் என் சொந்தச் சரக்கு" என்றார்.

இனி அந்த வார்த்தைக்கு வருகிறேன்.

ரப்பர் விலை விழுந்து, தோட்டங்களில் ஆட்குறைப்பு நடந்த காலம். ஜனங்களைக் கப்பல் கப்பலாக ஊருக்கு அனுப்பிக்கொண்டிருந்தார்கள். நியாலாஸ் பக்கத்துத் தோட்டமொன்றில் பால்மரத்தைக் கீறி ரப்பர்ப்பால் எடுத்துக்கொண்டிருந்த அங்கம்மாள் என்ற பெண்ணைத் திருட்டுக் கேஸில் கொண்டுவந்தார்கள். இடுப்பில் கைக்குழந்தை. ஒரு மூட்டை ஒட்டுப்பாலை, அதாவது மரத்தில் காய்ந்து ஒட்டியிருக்கும் ரப்பரை, அவள் சாயங்காலத்தில் தூக்கிக்கொண்டு போனபோது பிடித்துவிட்டார்கள். "மண்டோருதான் லயத்து வீட்டுல வச்சிருந்து ஸ்டோருக்குக் கொண்டாரச் சொன்னாரு" என்றாள் அவள். மண்டோர், அதாவது அவளை மேய்க்கும் கங்காணி, "நான் சொல்லவேயில்லை" என்று சாதித்தார். அவர் சொன்னதைக் கேட்ட ஆள் ஒருவன் உண்டு. கருப்பையா என்று பெயர். அவனோ வேலை போய், டுரியான் துங்கால் பக்கம் எங்கோ போய்விட்டான். தேடிக் கூட்டிவரத் தவணை வேண்டும் என்று அங்கம்மாள் கெஞ்சினாள். அந்தக் கெஞ்சலையும் மாசிலாமணியார்தான் சொன்னார். துரை மறுத்துவிட்டார். அந்த மறுப்பையும் மாசிலாமணியார்தான் சொன்னார். அன்றே தீர்ப்பாகி ஜெயிலுக்குப் போனால் தோட்டத்தில் குடும்பத்தோடு பேரை வெட்டிவிடுவார்கள். பிறகு அவளும் புருஷனும் பிள்ளையும் ரோட்டில்தான்.

பிற்பகலில் அவளை விசாரித்தபோது மழை பிடித்துக்கொண்டது. தகரக் கூரையில் அது போட்ட சத்தத்தில் என் மேசைக்கு ஒன்றும் கேட்கவில்லை. மாசிலாமணியார் மட்டும் கூண்டருகே போய்க் குனிந்து கேட்டுக்கொண்டிருந்தார். "மூட்டையை எப்போது ஸ்டோருக்குக் கொண்டுவரச் சொன்னார் மண்டோர்?" என்பது துரையின் கேள்வி. அவள் வாயசைத்தாள். அவர் கொஞ்ச நேரம் அவளையே பார்த்துவிட்டு, துரையின் பக்கம் திரும்பி, உரத்த குரலில் சொன்னார்: "ஓவர்மாரோ, சார்."

"என்ன?"

"ஓவர்மாரோ, சார்."

அப்படி ஒரு வார்த்தை ஆங்கிலத்தில் கிடையாது என்றார் துரை. உண்டு என்றார் இவர். நாளைக்கு அடுத்த நாள் என்று பொருள், சாட்சி ‘நாளன்னிக்கு’ என்றாள், அதற்கு இதுதான் சரியான வார்த்தை என்றார். "அதை நாங்கள் நான்கு வார்த்தையில்தான் சொல்வோம், மிஸ்டர் மாசிலாமணி" என்றார் துரை. "சாட்சி சொன்னது ஒரு வார்த்தை, சார். நான் நான்கு சொன்னால் மூன்று கூட்டினவனாவேன்" என்றார் இவர். துரைக்குக் காது மடல் சிவந்துவிட்டது. அவர் இளவயதுக்காரர், சீமையில் பெரிய கல்லூரியில் படித்தவர். கோர்ட்டிலிருந்த சின்ன அகராதியை நானே புரட்டினேன். அந்த வார்த்தை இல்லை. "பாரும்" என்றார் துரை. "டவுனில் பெரிய அகராதி இருக்கிறது, சார். நான் வாத்தியாராக இருந்தபோது பொழுதுபோகாமல் அதைப் படித்திருக்கிறேன்" என்றார் இவர்.

எனக்குத் தலை சுற்றியது. ஒரு பெண்ணின் பிழைப்பு தொங்குகிறது, இரண்டு பெரிய மனிதர்கள் ஒரு வார்த்தைக்காக மல்லுக்கட்டுகிறார்கள்! கடைசியில் துரை மேசையைத் தட்டி, அந்த அகராதி வரும்வரை கேஸைத் தள்ளிவைக்கிறேன் என்றார். "எப்போது வரும்?" என்று ஹாஷிமைக் கேட்டார். ஹாஷிம் யோசித்துவிட்டு, "லூசா, துவான்" என்றார். லூசா என்றால் மலாயில் நாளை மறுநாள். அதுவும் ஒரே வார்த்தை. கோர்ட்டில் இருந்தவர்கள் சிரிப்பை அடக்கமுடியாமல் திணறினார்கள். மாசிலாமணியார் மட்டும் சிரிக்கவில்லை.

அகராதி மெழுகுத் துணியில் சுற்றி பஸ்ஸில் வந்து சேர்ந்தது. வார்த்தை அதில் இருந்தது. பொருளும் அவர் சொன்னதுதான். ஆனால் பக்கத்தில் ‘வழக்கொழிந்தது’ என்றும் போட்டிருந்தது. துரை அதை நிறுத்தி வாசித்து, "இது செத்துப்போன வார்த்தை, மிஸ்டர் மாசிலாமணி. என் கோர்ட்டுக்கு உயிரோடிருப்பதை மட்டும் கொண்டுவாரும்" என்றார். "ஆகட்டும், சார்" என்று இவர் தலைகுனிந்தார். பார்க்க எனக்கே சங்கடமாக இருந்தது. ஆனால் அதற்குள் அங்கம்மாளுடைய புருஷன் டுரியான் துங்காலில் கருப்பையாவைக் கண்டுபிடித்துக் கூட்டிக்கொண்டு வந்து வராந்தாவில் நின்றான். கருப்பையா தான் கேட்டதைச் சொன்னான். குறுக்கு விசாரணையில் மண்டோர் உளறினார். அங்கம்மாள் விடுதலையானாள். எப்போது கொண்டுவரச் சொன்னார் என்ற கேள்வியைத் துரை மறுபடி எடுக்கவேயில்லை. அந்த வார்த்தை இன்னொரு தரம் வந்துவிடுமோ என்ற பயம் போலும்.

டவுன் கோர்ட்டில் பெரிய துபாஷி வேலை அந்த வருஷம் அவருக்குத்தான் என்று எல்லாரும் சொல்லிக்கொண்டிருந்தோம். வேறொருவருக்குப் போய்விட்டது. இவர் மேலதிகாரியிடம் வம்பு வளர்ப்பவர் என்று துரை சொல்லிவிட்டாராம்.

வார்த்தை மட்டும் ஊருக்குள் இறங்கிவிட்டது. வண்ணார், "சட்ட ஓவர்மாரோ கெடைக்கும்லா" என்பார். முதலில் சரியான பொருளில்தான் சொன்னார்கள். போகப்போக அது கெட்டுவிட்டது. கடைக்காரர் மகளுக்குக் கல்யாணம் எப்போது என்று கேட்டால், "ஓவர்மாரோ!" என்று சொல்லிச் சிரிப்பார்கள். நடக்கவே நடக்காது என்று அர்த்தம். அதை அவரிடம் சொல்லி வருத்தப்பட்டேன். "செத்தத எழுப்பினா அது பழைய ஆளா எழும்பாது, கிராணியாரே" என்றார். வருத்தமா வேடிக்கையா என்று முகத்தில் ஒன்றும் தெரியவில்லை.

ஒரு நாள் காப்பிக் கடையில் நேராகவே கேட்டுவிட்டேன். "அண்ணே, அந்தப் பொண்ணுக்குத் தவண வேணும்னுதானே துரையோட சண்ட போட்டீங்க?"

அவர் காப்பியை ஆற்றிக்கொண்டே, "அவ சொன்னதச் சொன்னேன்" என்றார்.

நான் நம்பினேன். வார்த்தைக்கு வார்த்தை நிற்கிற பிடிவாதத்தில் அவர் பாட்டுக்குச் சண்டை போட்டார், அதில் அவளுக்கு அதிர்ஷ்டம் அடித்தது, அவ்வளவுதான் என்று முடிவு கட்டினேன். நேர்மை இருந்த அளவுக்கு அவருக்குச் சமயம் தெரியாது என்றுகூடப் பலரிடம் சொல்லியிருக்கிறேன்.

மழைக்காலத்தில் நெஞ்சில் சளி கட்டிக் காய்ச்சலாகப் படுத்தவர் எழுந்திருக்கவில்லை. அடக்கத்துக்கு நான் எதிர்பாராத கூட்டம். அவர் வாயால் தண்டனை கேட்டவர்கள்கூட வந்திருந்தார்கள். நியாலாஸிலிருந்து லாரியில் வந்த ஜனங்களுக்குள் அங்கம்மாளும் இருந்தாள். அந்தக் கைக்குழந்தை இப்போது பாவாடை கட்டிய பெண். கல்லறைக்குப் போகும் வழியில் அவள் என் பக்கத்தில் நடந்து வந்தாள்.

"ஐயா, இவங்கள எல்லாரும் ஓவர்மாரோ, ஓவர்மாரோங்கறாங்களே, அதுக்கு என்னாங்க அர்த்தம்?"

"நாளன்னிக்குன்னு அர்த்தம்மா. நீ அன்னிக்கிக் கோர்ட்டுல சொன்னதுதான்."

அவள் நின்றுவிட்டாள். "நான் எங்கங்க சொன்னேன்? தொர எப்பன்னு கேட்டாரு. பயத்துல எனக்கு ஒண்ணுமே ஞாபகம் வரல. ‘தெரியல சாமி’ன்னேன். ரெண்டு தரம் சொன்னேன். இவங்க என்னையவே பாத்துக்கிட்டு நின்னாங்க. அப்பறம் தொர பக்கம் திரும்பி என்னமோ சொன்னாங்க, சண்ட வந்திருச்சு. நான்தான் ஏதோ தப்பாப் பேசிட்டேன்னு நடுங்கிப் போயிட்டேன்."

மழைச் சத்தத்தில் அவருக்குத் தவறாகக் கேட்டிருக்குமோ? இரண்டு தரம் சொன்னேன் என்கிறாள். ‘தெரியல’ என்பதும் ‘நாளன்னிக்கு’ என்பதும் எந்த மழையிலும் ஒன்றாகக் கேட்காது. அப்படியானால் வேதத்தைத் தொட்டவர், ஒரு வசவைக்கூடக் குறைக்காதவர், அவள் சொல்லாததைச் சொல்லியிருக்கிறார். அதுவும் துரை சண்டைக்கு வரக்கூடிய ஒரு வார்த்தையாகத் தேடிப் பிடித்து! சரி, அவளுக்குச் செய்தவர் மற்றவர்களுக்கு ஏன் செய்யவில்லை? எத்தனை பேர் அதே கூண்டில் நின்று ‘தெரியல சாமி’ என்றார்கள், அத்தனையையும் அப்படியே சொல்லி ஜெயிலுக்கு அனுப்பினாரே? அவர்களில் ஒருவருக்காவது இரக்கப்பட்டாரா? எனக்கு விளங்கவில்லை. இதை எழுதும்போதும் விளங்கவில்லை. அவர்மேல் எனக்குக் கோபம்கூட வருகிறது.

எழுதலாமா என்பதே சந்தேகமாக இருந்ததால் அவர் வீட்டுக்குப் போனேன். அண்ணி எல்லாவற்றையும் கேட்டார்கள். சத்தியத்தை மீறினார் என்று ஊர் பேசுமே என்று தயங்கினேன். பிறகு சொன்னார்கள்: "காலமெல்லாம் அடுத்தவங்க பேச்சையேதான் பேசினாங்க, தம்பி. ஒரே ஒரு தரம் தம் பேச்சப் பேசியிருக்காங்க. அதையும் அடிச்சிராதீங்க."

அடிக்கவில்லை, அண்ணே. எழுதிவிட்டேன். நான் கும்பிடுவது ஒரு சொல்லும் கூட்டாத மாசிலாமணியாரையா, கூட்டியவரையா என்று கேட்காதீர்கள்.

அடக்கத்தன்று எல்லாரும் மண் போட்டு விலகிய பிறகு அங்கம்மாள் குழியோரமாகப் போய்க் குனிந்து, உதட்டுக்குள்ளேயே ஏதோ சொன்னாள். சற்று நீளமாகவே சொன்னாள். தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு நின்ற ஹாஷிம் என் காதருகே வந்து, "அந்தம்மா என்ன சொல்லுது, கிராணி?" என்று கேட்டார். எனக்குக் கேட்கவில்லை. கேட்டுச் சொல்லக்கூடியவர் மண்ணுக்குள் இருந்தார்.

போய் வாருங்கள், அண்ணே.