அரசிக்குக் கொடுத்த சொல்

ஆவடியில் ஒன்பதாம் வகுப்புக்குத் தமிழ் நடத்திய ஜுபைதாவுக்கு, ஆரம்பத்தில் நாடகப் பாடம் என்றாலே பயம். செய்யுளில் எழுதிய பழைய நாடகம். போரில் மகனைப் பறிகொடுத்த அரசி பக்கம் பக்கமாக அழுவாள். வகுப்பு கொட்டாவி விடும்.

1985இல் ஒருநாள் புத்தகத்தை மூடினாள். அரசன் வேஷத்துக்கு எழுந்து நின்ற லட்சுமணனிடம், "உங்க வீட்டுல இதை எப்படிச் சொல்வாங்களோ அப்படிச் சொல்லு" என்றாள்.

லட்சுமணன் ஆவடியை ஒட்டிய சேக்காட்டுப் பையன். யோசிக்கவேயில்லை. "இன்னாம்மே, மூணு நாளா இப்டியே குந்திகினு கீற? பையன் பூட்டான், நீயும் பூட்டா நான் இன்னா பண்ணுவேன்? ஏந்து ஒரு வாய் துன்னு."

முதல் வரிக்கு வகுப்பு குலுங்கிச் சிரித்தது. கடைசி வரிக்கு ஒருவரும் சிரிக்கவில்லை. அந்தச் சூட்டோடு செய்யுளைப் படிக்கச் சொன்னாள். படித்தான், திக்காமல்.

பூந்தமல்லிக்குத் திரும்பும் பஸ்ஸில் அன்று உட்கார இடம் இல்லாததுகூட அவளுக்கு உறைக்கவில்லை.

அதுவே அவளுடைய வழியாயிற்று. பள்ளியை ஒட்டிய தொழிற்சாலைக் குவார்ட்டர்ஸ் பிள்ளைகளின் பெற்றோர் எல்லா ஜில்லாக்களிலிருந்தும் வந்தவர்கள். ஒரே வசனம் பத்து ஊர்ப் பேச்சில் வரும். "உங்க அம்மா எப்படிச் சொல்வாங்க?" என்று கேட்பாள். அந்தப் பேச்சு வந்த பிறகுதான் செய்யுள்.

1988 ஆண்டு விழாவுக்கு அதே நாடகம். அரசியாக ஜெகதாம்பாள். சாத்தூர்ப் பக்கத்துக் குடும்பம்; அப்பா தங்கவேல் ஃபிட்டர். வாயைத் திறக்காத பெண். அழுகைக் காட்சி அவளுக்கு வரவேயில்லை. ஜுபைதா வழக்கமான கேள்வியைக் கேட்டாள்.

மறுநாள் ஜெகதா தரையைப் பார்த்தபடி சொன்னாள்: "சட்டையத் துவைச்சுட்டேனே ராசா... ஒன் வாசத்தக் கழுவி ஊத்திட்டேனே."

ஜுபைதா இன்னொரு தரம் சொல்லச் சொன்னாள். தெற்கத்தி ஒப்பாரி, ஊரில் எல்லோரும் பாடுவது என்று நினைத்துக்கொண்டாள். யார் சொன்னது, யாருக்குச் சொன்னது என்று கேட்கவில்லை. மேடையிலும் செய்யுளுக்கு முன்னால் அந்த இரண்டு வரியை மூன்று முறை சொல்ல வைத்தாள்.

விழாவில் கூட்டம் உறைந்துபோய்க் கேட்டது. அப்புறம் கைதட்டல், பந்தல் பிய்ந்துபோகிற மாதிரி. மூன்றாம் வரிசையில் ஒரு பெண் மட்டும் எழுந்து, முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு வெளியே போனாள். நடிப்பில் உருகிவிட்டாள் என்று ஜுபைதாவுக்குப் பெருமையாகக்கூட இருந்தது.

நாலு நாள் கழித்து ஜெகதா வந்து நின்றாள்.

"டீச்சர், அம்மா எங்கிட்டப் பேச மாட்டேங்குது."

கேட்கக் கேட்கத்தான் தெரிந்தது. ஐ.டி.ஐ. படித்த அண்ணன் பால்ராஜ் இரண்டு வருடத்துக்கு முன் மஞ்சள் காமாலையில் போய்விட்டான். குவார்ட்டர்ஸில் சுவருக்குச் சுவர் காது. அதனால் மதியம் பன்னிரண்டுக்குத் தொழிற்சாலைச் சங்கு ஊதும்போது மட்டும், அந்த அரை நிமிடம், அம்மா நாகம்மாள் வாய்விட்டு அழுவாள். சங்கு நின்றால் அழுகையும் நின்றுவிடும். அரைப்பரீட்சை லீவில் ஜெகதா அடுக்களைக் கதவுக்குப் பின்னால் நின்று கேட்டது அது.

சனிக்கிழமை ஜுபைதா அந்த வீட்டுக்குப் போனாள். நாகம்மாள் பாய் விரித்தாள், தண்ணீர் கொடுத்தாள். முறத்தில் அரிசியைப் பரப்பிக்கொண்டு உட்கார்ந்தாள்.

"தெரியாமப் பண்ணிட்டேம்மா. என்னை மன்னிச்சுடுங்க. பொண்ணுகிட்ட மட்டும் பேசுங்க."

"அது சின்னப்புள்ள, என்ன தெரியும் அதுக்கு? இன்னைக்கில்லாட்டி நாளைக்குப் பேசிருவேன்." கல்லைப் பொறுக்கி வாசலில் எறிந்தாள். "நீங்க படிச்சவுக. அது எம்மகனுக்குச் சொன்னது டீச்சர். அவனுக்கு மட்டுந்தேன். நீங்க ஊரக் கூட்டிக் கைதட்ட வச்சிட்டீக."

நாகம்மாள் முறத்தைக் குலுக்கி அரிசியைப் பரப்பிக்கொண்டாள்.

"இப்ப அந்தச் சொல்ல எடுத்தா கைதட்டுதேன் கேக்குது. அவன் மொகம் வர மாட்டேங்குது."

பன்னிரண்டு மணிச் சங்கு ஊதியது. ஜுபைதா தன்னை அறியாமல் நாகம்மாளின் வாயைப் பார்த்தாள். உதடு ஒருமுறை பிரிந்தது. ஒன்றும் வரவில்லை. விரல்கள் மட்டும் அரிசியில் கல் தேடிக்கொண்டிருந்தன. சங்கு ஓய்ந்தது.

"வெயில் ஏறுதுல்ல, கெளம்புங்க" என்றாள் நாகம்மாள்.

ஜெகதாவிடம் நாகம்மாள் பேசத் தொடங்க ஒரு மாதம் ஆயிற்று. அழுகை திரும்பி வந்ததா என்று ஜெகதாவிடம் கேட்க ஜுபைதாவுக்குக் கடைசிவரை வாய் வரவில்லை. அந்தப் பெண் பத்தாவது முடித்ததும் குடும்பம் மாற்றலாகிப் போய்விட்டது.

ஜுபைதா மேலும் ஒன்பது வருடம் நாடகம் நடத்தினாள். வீட்டுப் பேச்சை விடவில்லை. அரசனுக்கு, தூதனுக்கு, காவலாளிக்கு எல்லாம் பிள்ளைகள் வீட்டிலிருந்து சொல் கொண்டுவந்தார்கள். கொண்டுவந்த ஒவ்வொன்றுக்கும், "அவங்ககிட்ட கேட்டுட்டு வந்தியா?" என்பாள். அரசிக்கு மட்டும் ஒன்றும் கேட்க மாட்டாள். புத்தகத்தில் உள்ளதை அவளே படித்துவிட்டு அடுத்த காட்சிக்குப் போய்விடுவாள்.

இடையில் பன்னிரண்டு மணிச் சங்கு ஊதினால், புத்தகத்தைத் தாழ்த்திப் பிடித்துக்கொண்டு நிற்பாள். சத்தத்தில் டீச்சர் குரல் கேட்காது, அதனால்தான் நிறுத்துகிறார் என்று பிள்ளைகள் நினைத்துக்கொண்டார்கள்.