கேமரா ஓடும்போது உள்ளே போனேன்

என் மகள் டிவி சீரியலில் நடித்தாள். ஒருநாள் ஷூட்டிங்கின் நடுவே போய் அவளைத் தூக்கிக்கொண்டு வந்துவிட்டேன். விருத்தாசலத்தில் பலர் அதைப் பைத்தியக்காரத்தனம் என்கிறார்கள். என்ன நடந்தது என்று நானே சொல்லிவிடுகிறேன்.

எனக்குக் கூச்சம் அதிகம். இறங்க வேண்டிய இடம் வந்தாலும் கண்டக்டரைக் கூப்பிட வாய் வராது. அடுத்த நிறுத்தத்தில் இறங்கி நடந்து வருவேன். பத்தாவதோடு படிப்பு முடிந்தது. பீங்கான் பொம்மைகளுக்குச் சாயம் பூசுகிறேன். தலை நிமிராமல் செய்யலாம் என்பதாலேயே அந்த வேலை பிடிக்கும். எனக்குப் பிறந்தவளோ பள்ளி ஆண்டுவிழாவில் மைக்கைத் திருப்பித் தர மாட்டாள். அந்த வீடியோவைப் பார்த்துத்தான் சென்னையிலிருந்து கூப்பிட்டார்கள்.

கதையில் அவள் தாயில்லாப் பிள்ளை. சென்னை போகும் ரயிலிலேயே வசனத்தைப் படித்துவிடுவாள். விழுப்புரம் வருவதற்குள் எனக்கும் மனப்பாடம் ஆகிவிடும். அழுகிற காட்சிக்குக் கிளிசரின் வேண்டாம் என்பாள். கொஞ்ச நேரம் சுவரைப் பார்த்து நிற்பாள். திரும்பும்போது கண் நிறைந்திருக்கும். எப்படி என்று கேட்டால், "அதெல்லாம் தொழில் ரகசியம்" என்பாள். எட்டு வயது.

அன்றைக்குப் பெரிய நடிகர் ஒருவர் வசனத்தை மறந்துகொண்டே இருந்தார். அதனால் இவள் திரும்பத் திரும்ப அழ வேண்டியிருந்தது. மதியத்துக்கு மேல் கண்ணீர் நின்றுவிட்டது. உதவி இயக்குநர் என்னிடம் வந்து, "கொஞ்சம் வெளிய நில்லுங்கம்மா, உங்களப் பாத்தா பாப்பாவுக்குக் கவனம் செதறுது" என்றார். போய் நின்றேன்.

சற்று நேரத்தில் உள்ளே அழுகை கேட்டது. "அம்மா" என்பதற்குப் பிறகு, வசனப்படி "நீ எந்த நட்சத்திரம்?" என்று வர வேண்டும். அவளோ, "எங்கம்மாவ கூப்புடுங்க, நான் வூட்டுக்குப் போவணும்" என்று அழுதாள்.

வாசலில் டீ ஊற்றிக்கொண்டிருந்தவர், "பயப்படாதீங்கக்கா. நீங்க வுட்டுட்டு ஊருக்குப் போயிட்டீங்கன்னு பாப்பாகிட்ட சொல்லியிருக்காங்க. சின்னப் பசங்கள அழவைக்க இப்படித்தான் சொல்றது. பாருங்க, ஒரே டேக்குல முடிஞ்சிடும்" என்றார்.

செருப்பைக்கூடக் கழற்றாமல் உள்ளே போனேன். விளக்கு வெளிச்சத்தில் கண் கூசியது. நேராகப் போய் அவளைத் தூக்கினேன்.

"என்னம்மா நீங்க, ஃபிரேமுக்குள்ள வர்றீங்க? எவ்ளோ நல்லா வந்துக்கிட்டிருந்துது" என்றார் இயக்குநர்.

"அது நடிப்பு இல்லைங்க சார். இவ நடிக்கத்தான் வந்தா."

அத்தனை பேர் முன்னால் நான் அதுவரை பேசியதே இல்லை.

"இப்ப போனா திரும்ப வர முடியாது, தெரியுதா?"

"வரலைங்க."

திரும்பும் ரயிலில் என் முந்தானையை விடாமல் பிடித்திருந்தாள். உளுந்தூர்பேட்டை தாண்டியதும் கேட்டாள். "தண்ணி குடிச்சிட்டுச் செத்த நேரம் உக்காந்திருந்தா நானே அழுதிருப்பேன்ல? எதுக்கு பொய் சொன்னாங்க?" என்னைவிட அவளுக்குத்தான் கோபம் அதிகம்.

அடுத்த வாரம் சீரியலில் வேறொரு சிறுமி வந்தாள். திரையின் கீழே, 'இனி இவருக்குப் பதில் இவர்' என்று போட்டார்கள். என் மகள் கன்னத்தில் கை வைத்துப் பார்த்துவிட்டு, "இந்தப் பொண்ணும் நல்லாத்தான் பண்றா. இவகிட்ட என்ன சொன்னாங்களோ" என்றாள்.

என் பக்கத்தில் சாயம் பூசும் அக்கா இன்றும் விடுவதில்லை. "வாயில்லாப் பூச்சி, போயும் போயும் அங்கதான் வாயத் தொறந்த. புள்ள இந்நேரம் சினிமாவுக்கே போயிருக்கும்டி."

"போவாட்டி போவுதுக்கா. அவ சொந்தமா அழுவட்டும், இல்லாட்டி அழுவாம இருக்கட்டும்."

போன மாதம் வேறொரு கம்பெனியிலிருந்து போன் வந்தது. பேசியவர் சொன்னதையெல்லாம் கேட்டுவிட்டு, "ஷாட்டு எடுக்கும்போது நான் உள்ளதான் நிப்பேன். அழுவணும்னா அவகிட்டயே கேளுங்க" என்றேன்.

அவர் சிரித்தார். "என்னம்மா, பெரிய ஹீரோயின் கணக்கா கண்டிஷன் போடறீங்க?"

"ஆமாங்க" என்றேன்.

போனை வைத்ததும் மகள், "என்ன சொன்னாங்க?" என்றாள்.

"பேசிட்டுச் சொல்றாங்களாம்."

"பேசட்டும்" என்று சொல்லிவிட்டு விளையாடப் போனாள்.