ஒலெகாரியோவின் ஒன்பது மொழிகள்

"ஒரு மொழியையும் படிக்காமலே ஒன்பது மொழி பேசுவேன்! படிக்கிறது, எழுதி வச்சுக்கிறதெல்லாம் நாக்கு புரளாதவன் பார்க்கிற வேலை!"

ரியோவில், ஸ்டுடியோவுக்கு எதிரே இருந்த காப்பிக் கடையில், வாயில் பாதி உப்புமீன் உருண்டையோடு ஒலெகாரியோ இந்தப் பிரகடனத்தை வெளியிட்டார். மறுத்துப் பேசும் தகுதி அங்கே யாருக்கும் இல்லை. கார்னிவல் திருவிழாவுக்கு முன்னால் வருகிற பாட்டும் கூத்துமான படங்களில் இருபத்து மூன்றில் நடித்தவர். பிரெஞ்சுப் பிரபு, ரஷ்யத் தளபதி, பாரசீக இளவரசர். எல்லாரும் கடைசியில் நீரூற்றுக்குள் விழுவார்கள். வசனத்தாளில் அவருக்கு ஒரே வரிதான்: "இங்கே ஒலெகாரியோ வெளிநாட்டு மொழியில் பேசுவார்." பேசுவார். வாய்க்கு வந்த ஓசைதான்; தியேட்டர் சிரிப்பில் அதிரும்.

இருபத்து நான்காவது படத்தில் ஹங்கேரி ஜமீன்தார் வேடம். கோட்டுக்கு அளவெடுக்க வந்த புதுத் தையற்காரி எதெல்கா அசல் ஹங்கேரிக்காரி. நாற்பது வயது விதவை. வாயில் எந்நேரமும் ஏழெட்டுக் குண்டூசிகள். அந்த அம்மாள் அவர் தோளில் அளவு நாடாவை வைத்ததுதான் தாமதம், ஒலெகாரியோவின் நாற்பத்தெட்டு வருஷப் பிரம்மச்சரியம் ஆட்டம் கண்டது. எதெல்காவின் தாய்மொழியிலேயே மனதைத் திறந்துவிடுவதென்று தீர்மானித்தார். அந்த மொழி தெரியாது என்பதை அவர் ஒரு தடையாகவே கருதவில்லை.

பதினோரு வாக்கியம், அடித்தொண்டையிலிருந்து. எதெல்காவின் கண்கள் கலங்கின. உதடு நடுங்கியது.

"அண்ணே, அந்தம்மா அழுதுட்டாங்கண்ணே!" என்றான் விளக்குக்காரன் ஜென்சிரிகோ.

"பின்னே? விஷயம் அப்படி!"

ஆறு நாள் விஷயம் தொடர்ந்தது. ஏழாம் நாள் எதெல்காவின் வாயில் ஊசி இல்லை.

"சார், நீங்க இத்தனை நாள் பேசினதுல எங்க மொழி வார்த்தை ஒண்ணே ஒண்ணு இருந்துச்சு."

"காதலா?"

"முட்டைக்கோஸ்."

ஒலெகாரியோ முன்பே நீரூற்றில் விழுந்தவர்தான். இந்த முறை நனையாமலே விழுந்தார்.

"அப்போ அன்னிக்கு அழுதது?"

"சிரிப்பை அடக்கினேன். வாய் நிறைய ஊசி வச்சுக்கிட்டுச் சிரிச்சா ஆஸ்பத்திரிக்குத்தான் போகணும்." எதெல்கா நாடாவைச் சுருட்டினார். "அவர் போய் ஆறு வருஷம். அதுக்கப்புறம் என்கிட்ட யாரும் எங்க மொழியில பேசினதில்லை. நீங்க வாயைத் திறந்ததும் ஒரு நிமிஷம் நம்பிட்டேன் சார். இனிமே வேண்டாம்."

அதன்பின் ஒலெகாரியோ காப்பிக் கடைக்கு வரவில்லை. மஞ்சள் காமாலை என்றான் ஜென்சிரிகோ. பெண் விவகாரம் என்றார் கடைக்காரர். இருவரும் டிராமில் ஏறிப் பார்த்திருந்தால், பின்பெஞ்சில் கால்பந்துப் பத்திரிகையை முகத்துக்கு நேரே பிடித்து, ஒரு கோல்கூட விழாத பக்கத்தைப் பார்த்து ஒருவர் முணுமுணுப்பதைக் கண்டிருப்பார்கள். பத்திரிகைக்குள் ஒரு பழைய புத்தகம் இருந்தது.

மூன்று வாரம் கழித்துக் கோட்டைக் கடைசியாகப் போட்டுப் பார்க்கும் நாள். எதெல்கா குனிந்து, வாயில் ஊசியோடு, ஓரம் மடித்துக்கொண்டிருந்தார். ஒலெகாரியோ தொண்டையைக் கனைக்கவில்லை. கையை வீசவில்லை. பக்கத்தில் நின்ற ஜென்சிரிகோவுக்கும் கேட்காத குரலில், ஹங்கேரி மொழியில் ஒன்று கேட்டார்: "களைப்பாக இருக்கிறதா?"

எதெல்கா வாயிலிருந்த ஊசிகளை ஒவ்வொன்றாக எடுத்துக் கோட்டின் கையில் குத்தினார். எட்டு ஊசி. நேரம் பிடித்தது.

"கடைசி எழுத்தை அவ்வளவு இழுக்கக் கூடாது," என்றார்.

ஒலெகாரியோ உள்பையிலிருந்து ஒரு சின்ன நோட்டையும் பென்சிலையும் எடுத்தார்.

"இன்னொரு தடவை சொல்லுங்க," என்றார். "எழுதிக்கிறேன்."