மாப்பிள்ளையின் தகப்பனுக்கு நான் சொன்ன பதில்

எங்கள் மனநல மருத்துவர் சங்கத்துக்கு நான் ஒரு தவணை தலைவராக இருந்தேன். கூட்டங்களுக்குத் தவறாமல் போவேன், தேநீர் வரும்வரை வாயைத் திறக்க மாட்டேன். இதற்கு மேல் வேறு தகுதி எதையும் அங்கே யாரும் கேட்கவில்லை. தவணை முடிந்தபின்னும் சும்மா விடாமல் நெறிமுறைக் குழுவைத் தூக்கி என் தலையில் வைத்தார்கள். நோயாளியின் இரகசியத்தை எப்படிக் காப்பது என்று கொழும்பு ஹோட்டல்களில் உரையாற்றினேன். கைதட்டல் பலமாகவே இருந்தது. மறுநாள் மாத்தளைக்குத் திரும்பி என் கிளினிக் அறையில் உட்காருவேன். அதற்குக் கதவு கிடையாது, திரைதான். உள்ளே நோயாளி அழுதால் வெளியே பெஞ்சில் இருப்பவர்கள் உச்சுக்கொட்டுவார்கள்.

எங்கள் பக்கத்தில் கலியாணம் பேசுகிறவர்கள் சாதகம் பார்ப்பார்கள், காணி பூமி பார்ப்பார்கள், பிறகு என்னைப் பார்க்க வருவார்கள். பெண் என்னிடம் மருந்து எடுத்தவளா என்று வெளிப்படையாகவே விசாரிப்பார்கள். அதில் அவர்களுக்குக் கூச்சம் ஒன்றும் இல்லை.

அப்படித்தான் தம்புள்ளையில் மரக்கறி மொத்த வியாபாரம் செய்யும் ஒருவர் ஒரு மூட்டை போஞ்சியோடு வந்து சேர்ந்தார். மகனுக்குப் பார்த்திருந்த பெண் தேயிலைத் தோட்டப் பாடசாலை ஆசிரியை. அவளை என் கிளினிக் பெஞ்சில் யாரோ கண்டிருக்கிறார்கள்.

"புள்ளைக்கு ஏதும் கோளாறுங்களா டாக்டர் ஐயா? ஒளிக்காம சொல்லுங்க."

அவளுக்கு ஒரு கோளாறும் இல்லை. நோயாளி அவளுடைய தாய். மகள் துணைக்கு வருகிறவள். ஆனால் அவளுக்கு ஒன்றுமில்லை என்று சொன்னால் "அப்ப யாருக்கு?" என்றுதான் அடுத்துக் கேட்பார். பல வருடம் பாயைவிட்டு எழும்பாமல் கிடந்த அந்தத் தாய் இப்போதுதான் மறுபடி கொழுந்தெடுக்கப் போகிறாள். லயத்து அயல் வீட்டாரிடம் சீனி வருத்தத்துக்கு மருந்தெடுப்பதாகச் சொல்லிக்கொண்டு வருகிறாள். ஆகவே மேடைகளில் சொல்லும் அதே வாக்கியத்தை இவருக்கும் சொன்னேன்.

"நான் யாரைப் பத்தியும் யாருகிட்டயும் பேசுறதில்லைங்க."

அவர் என்னை இரக்கத்தோடு பார்த்தார். "வெளங்கிருச்சுங்க. ஒன்னும் இல்லைன்னா இல்லைன்னே சொல்லியிருப்பீங்களே."

நன்றி வேறு சொல்லிவிட்டுப் போனார். சம்பந்தம் அன்றோடு முறிந்தது. போஞ்சியைத் தாதிமார் பங்கு போட்டுக்கொண்டார்கள். மருந்துக் கம்பனிகளிடம் பேனாகூட வாங்கக் கூடாது என்று நான் எழுதிய விதியில் மரக்கறியைப் பற்றி ஒன்றும் இல்லை.

எனக்கு மனது கேட்கவில்லை. ஆள் யாரென்று சொல்லாமல் விஷயத்தைக் குழுவின் முன் வைத்தேன். மௌனமும் ஒரு பதிலாகுமா என்று அறிஞர்கள் வெகுநேரம் ஆராய்ந்தார்கள். ஒருவர் லத்தீனில் ஏதோ சொன்னார். இன்னொருவர், இந்தக் காலத்திலும் இப்படியா என்று வியந்தார். தன் மருமகளைப் பற்றி அவர் எங்கெங்கே விசாரித்தார் என்பது எனக்குத் தெரியும். கடைசியில் ஓர் உபகுழுவை அமைத்துவிட்டுப் பகல் சாப்பாட்டுக்கு எழுந்தோம்.

அடுத்த கிளினிக் நாளில் தாயைப் பெஞ்சில் இருத்திவிட்டு, மகள் மட்டும் முதலில் உள்ளே வந்தாள். திட்டப்போகிறாள் என்று நினைத்தேன். திட்டியிருந்தால் எனக்கு நிம்மதியாக இருந்திருக்கும். அவள் குரலைத் தாழ்த்திக்கொண்டாள்.

"தரகர் எனக்குத்தான் மொதல்ல போன் பண்ணாரு சேர். ஏன் வேணாம்னாங்கன்னு தெரியும். எனக்குத்தான் மாப்பிள்ளையப் புடிக்கலைன்னு அம்மாகிட்ட சொல்லிட்டேன். நெசம் தெரிஞ்சா தன்னாலதான்னு நெனச்சி மருந்த விட்டுருவாங்க. நீங்க ஒன்னும் சொல்லிறாதீங்க."

"உண்மையிலயே புடிக்கலையா?" என்றேன். அதைக் கேட்காமல் இருந்திருக்கலாம்.

"புடிச்சிருந்துச்சு சேர்," என்றாள்.

பிறகு தாயைக் கூட்டிக்கொண்டு வந்தாள். தாய் நன்றாகத் தேறியிருந்தாள். கோபப்படும் அளவுக்குத் தெம்பு வந்திருந்தது.

"தங்கமான எடம் டாக்டர் ஐயா. திமிரு புடிச்சவ வேணாம்னுட்டா. நீங்க சொன்னா கேப்பா. நாலு வார்த்தை நல்லாக் கேளுங்க இவள."

நெறிமுறைக் குழுத் தலைவரான நான், அந்தத் தாயின் மனம் ஆறும்வரை மகளைக் கண்டித்தேன். பெற்றவள் பேச்சைக் கேட்காத பிள்ளை என்றேன். நல்ல வாழ்க்கையைக் கெடுத்துக்கொண்டாய் என்றேன். அவளும் தலையைக் குனிந்து, "தப்புத்தாங்க சேர்," என்றாள்.