லைன்மேன் வைத்த சூப்

மின்சார அலுவலகத்தில் அவனை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. 'அவசரம்' என்றுதான் கூப்பிடுவார்கள். "அவசரம் எங்கப்பா?", "அவசரம் டீ குடிக்கப் போயிருக்கு" என்று பேச்சு ஓடும். புதிதாக வேலைக்குச் சேர்ந்தவர்கள் முதல் இரண்டு நாள் பதறி எழுந்து நிற்பார்கள். மூன்றாம் நாள் அவர்களும் சிரித்துவிட்டு உட்கார்ந்துகொள்வார்கள்.

பட்டம் பொருத்தமானதுதான். நாற்பத்தைந்து வயதிலும் மாடிப்படியை இரண்டிரண்டாகத் தாண்டுவான். டீயை ஆறவிடாமல் குடித்து நாக்கைச் சுட்டுக்கொள்வான். முடிவெட்டுகிறவர், "தலைய ஆட்டாதீங்க சார், காது கையோட வந்துடும்" என்று ஒவ்வொரு மாதமும் கெஞ்சுவார். கம்பத்தின் மேலே ஏறிவிட்டால் மட்டும் அவன் வேறு ஆள். பெல்ட்டை மாட்டி, கம்பியைத் தொட்டுப் பார்த்து, ஒவ்வொரு திருகாக முடுக்குவான். தரையில் கால் பட்ட மறுநொடி பழையபடி ஆகிவிடுவான்.

இந்த அவசரத்தால் அவனுக்கு ஒரே ஒரு பெரிய நஷ்டம். அது அவனுடைய அக்கா.

அம்மா போன பிறகு அவனை வளர்த்து ஆளாக்கியவள் அவள். வேறு ஊரில், நகராட்சி நீச்சல் குளத்தில் டிக்கெட் கொடுக்கும் வேலை. அவனுக்குப் பதிவுத் திருமணம் நடந்த அன்று, அவள் வந்த பஸ் வழியில் பழுதாகி நின்றுவிட்டது. கையில் தம்பிக்கு வாங்கிய புதுச்சட்டையோடு அவள் மூச்சிரைக்க வந்து சேர்ந்தபோது கையெழுத்தெல்லாம் போட்டு முடிந்திருந்தது. "எனக்காகக் கொஞ்ச நேரம் நிக்க முடியலையாடா உனக்கு?" என்றாள். சட்டை இருந்த பையைப் பெஞ்சில் வைத்தாள். அப்படியே திரும்பி நடந்தாள். அதற்குப் பிறகு நல்லது கெட்டதுக்கு ஒரு போன், அவ்வளவுதான். எட்டு வருடமாக அவன் வீட்டு வாசலை அவள் மிதிக்கவில்லை.

போன வாரம் அவளே போன் செய்தாள்.

"வர்ற வியாழக்கிழமை கண்ணு காட்ட உங்க ஊருக்கு வரேன். சாயங்காலம் வீட்டுக்கு வந்து சாப்பிட்டுட்டு பஸ் ஏறிடுவேன். இருப்பீங்கல்ல?"

"இருப்போம்க்கா. கண்டிப்பா இருப்போம்."

அன்று தொடங்கியது அவனுக்கு இருப்புக்கொள்ளாமை. மனைவி காலணித் தொழிற்சாலையில் தைப்புப் பிரிவில் இருந்தாள். வருடக் கடைசியில் அங்கே குலுக்கலில் அவளுக்கு ஒரு ஸ்லோ குக்கர், மின்சாரத்தில் மெல்ல வேகவைக்கும் பானை, விழுந்திருந்தது. காலையில் எல்லாவற்றையும் போட்டு மூடிவிட்டு இருவரும் வேலைக்குப் போனால், திரும்பி வரும்போது சாப்பாடு தயாராக இருக்கும். ஒரே ஒரு கட்டுப்பாடுதான். மூடியைத் திறக்கக் கூடாது. திறந்தால் உள்ளே சேர்ந்த சூடெல்லாம் போய், வேக இன்னும் நேரமாகும். அவன் வீட்டில் இருக்கும் நாட்களில் மனைவி அந்தப் பானையைச் சமைக்கப் பயன்படுத்துவதே இல்லை.

"அக்காவுக்கு நானே சூப் வைக்கறேன். கறி, காய் எல்லாம் போட்டு, ஒரு கிண்ணம் குடிச்சா வயிறு நிறையற மாதிரி" என்றான்.

"நீங்களா?" என்று கேட்டாள் மனைவி.

வியாழக்கிழமை விடியற்காலையிலேயே எழுந்துவிட்டான். முந்தின நாள் வாங்கிய எலும்போடு கூடிய ஆட்டுத் தொடைக்கறியை ஈரம் போகத் துடைத்து, உப்பும் மிளகும் தடவி, காய்ந்த எண்ணெயில் போட்டான். போட்டதும் புரட்டப் போனான். கறி சட்டியோடு ஒட்டிக்கொண்டு வரமாட்டேன் என்றது.

"விடுங்க. சிவந்தா அதுவே கழண்டு வரும்" என்றாள் மனைவி, வேலைக்குக் கிளம்ப ஷூவை மாட்டிக்கொண்டே.

அவன் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றான். கறி சிவந்தது. கேரட்டையும் உருளைக்கிழங்கையும் பெரிய துண்டுகளாக வெட்டிப் பானையின் அடியில் பரப்பினான். அடியில்தான் சூடு அதிகம், கிழங்கு வேகத்தான் நேரம் பிடிக்கும். அதன்மேல் வெங்காயம், தக்காளி, ஒரு கை பார்லி, எல்லாவற்றுக்கும் மேலே கறி. சட்டியில் ஒட்டியிருந்த சிவப்பைக் கொதிநீர் விட்டுச் சுரண்டி அதையும் ஊற்றினான். பிரிஞ்சி இலை ஒன்று. மூடினான். திருகைக் குறைந்த சூட்டில் வைத்தான். கண்ணாடி மூடி வழியாகப் பார்த்தான். ஒன்றும் நடக்கவில்லை. வாசல் வரை போய்விட்டுத் திரும்பி வந்து, பானையின் சின்ன விளக்கு எரிகிறதா என்று இன்னொரு முறை பார்த்தான். அப்புறம்தான் வேலைக்குப் போனான்.

மதியத்துக்குக் கொஞ்சம் முன்னால் காற்று எழுந்தது. பூங்காவை ஒட்டிய சாலையில் பெரிய கிளை ஒன்று முறிந்து கம்பிகளின் மேல் விழுந்துவிட்டதாகத் தகவல் வந்தது. அவனும் அவனோடு வேலை செய்யும் நெட்டையனும் வண்டியில் பறந்தார்கள். நெட்டையனுக்கு அலுவலகத்தில் 'ஏணி' என்று பெயர். சாலையின் மறுகோடியில் கிளையை வெட்ட இன்னொரு குழு, ஒரு பெண்ணும் அவளுடைய உதவியாளரும், ஏற்கனவே வந்திருந்தது.

சுவிட்சை இறக்க வேண்டியது அவன்தான். கைப்பிடியைப் பிடித்தபோது உறைத்தது. இந்த லைனில்தான் அவன் தெரு இருக்கிறது. அவன் வீடு இருக்கிறது. அடுப்படி மேடையில் அந்தப் பானை இருக்கிறது.

"என்னப்பா, இறக்கேன்!" என்றான் ஏணி.

"என் சூப்பு."

"என்ன?"

"வீட்ல சூப்பு வேகுது. அக்கா வருது."

ஏணிக்குச் சிரிப்பு வந்தது. அவன் முகத்தைப் பார்த்ததும் அடங்கியது. அவன் கைப்பிடியை இறக்கினான். தெருவே சத்தமில்லாமல் போயிற்று. இரண்டு குழுக்களும் ஆளுக்கொரு எச்சரிக்கைப் பலகையைச் சுவிட்சில் மாட்டின. தன் பலகையைத் தான்தான் எடுக்க வேண்டும், இரண்டும் எடுத்த பிறகுதான் சப்ளை கொடுக்க வேண்டும் என்பது விதி.

கம்பத்தின் மேலிருந்து பார்த்தால் அவன் வீட்டு மாடி தெரிந்தது. மூடி போட்ட பானை, சூடு கொஞ்ச நேரம் நிற்கும் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டான். மனைவிக்குப் போன் செய்யலாம் என்றால் தைப்புப் பிரிவில் போன் அனுமதி இல்லை. கீழ்வீட்டில் சாவி உண்டு. ஆனால் அவர்கள் ஊரில் இல்லை. அறுந்த கம்பியை இழுத்து, முனைகளைச் சேர்த்து, இறுக்கினான். கை ஒழுங்காகவே வேலை செய்தது. மனசு மட்டும் அடுப்படிக்குப் போய்ப் போய் வந்தது. கிழங்கு பாதி வெந்து நின்றிருக்கும். அப்படி நின்ற கிழங்கு பிறகு வேகவே வேகாது என்று யாரோ எப்போதோ சொன்னது, வேண்டாத நேரத்தில் ஞாபகம் வந்தது.

அவர்கள் வேலை முடிந்தது. இறங்கினான். தன் பலகையைக் கழற்றினான். மற்றக் குழுவின் பலகை தொங்கிக்கொண்டிருந்தது.

ஏணி போன் போட்டான். மணி அடித்தது, எடுக்கவில்லை. மறுபடியும் போட்டான். எடுக்கவில்லை.

"கிளைய வெட்டி எறிஞ்சு எவ்ளோ நேரமாச்சு! அவங்க கம்பத்துல ஏறவே வேண்டியதில்லையே" என்றான் அவன். "முடிச்சிட்டு டீ குடிக்கப் போயிருப்பாங்க. பலகைய எடுக்க மறந்திருப்பாங்க."

"இருக்கலாம்" என்றான் ஏணி.

அவன் கைப்பிடியைப் பார்த்தான். பிறகு வீட்டு மாடியைப் பார்த்தான். ஏணி சற்றே நகர்ந்து, சுவிட்சுக்கும் அவனுக்கும் நடுவில் வந்து நின்றான்.

"நகரு, நான் அதத் தொடல" என்றான் அவன் எரிச்சலாக. "போய்ப் பாத்துட்டு வரேன்."

சாலை முழுக்க ஓடினான். முறிந்த மரத்தடியில் வெட்டிய கிளைகள் குவிந்து கிடந்தன. உதவியாளர் அவற்றை வண்டியில் ஏற்றிக்கொண்டிருந்தார். நிமிர்ந்து பார்த்தான். கம்பத்தின் உச்சியில் அந்தப் பெண் பெல்ட்டில் சாய்ந்து, கிளை இடித்து உடைந்த, கம்பியைத் தாங்கும் பீங்கானை மாற்றிக்கொண்டிருந்தாள். வெறும் கை ஒன்று கம்பியின் மேல் இருந்தது. அவளுடைய போன் கீழே பைக்குள் கிடந்தது.

அவன் நடைபாதையில் உட்கார்ந்துவிட்டான்.

"யாரு, அவசரமா?" என்று மேலிருந்து குரல் வந்தது. "கீழருந்து பாத்தப்பதான் இந்தப் பீங்கான் ஒடஞ்சிருந்தது தெரிஞ்சுது. இன்னும் கொஞ்ச நேரம் ஆகும். அவசரமா ஏதாவது?"

"ஒண்ணுமில்ல" என்றான். "மெதுவாப் பண்ணும்மா. நான் இங்கதான் இருக்கேன்."

அவள் இறங்கும் வரைக்கும் அவன் அந்த இடத்தைவிட்டு அசையவில்லை. ஏணி போன் செய்தபோதுகூட, "மேல ஆள் இருக்கு" என்று மட்டும் சொன்னான்.

சப்ளை கொடுத்து, அலுவலகத்துக்குப் போய், வண்டியை விட்டுவிட்டு வீட்டுக்கு ஓடினான். மாடிப்படியில், அவன் கதவுக்கு முன்னால், அக்கா உட்கார்ந்திருந்தாள். கறுப்புக் கண்ணாடி போட்டிருந்தாள். முடி பாதிக்கு மேல் நரைத்திருந்தது.

"ஆஸ்பத்திரில சீக்கிரமே விட்டுட்டாங்க. கதவத் தட்டினேன், யாருமில்ல. எவ்ளோ நேரமா படியில உக்காந்திருக்கேன் தெரியுமா?"

"கரண்ட் போயிடுச்சுக்கா..."

"கரண்ட் போனா ஆளும் போயிடணுமா?"

அவன் கதவைத் திறந்தான். நேரே அடுப்படிக்குப் போய் மூடியைத் தூக்கினான். ஆவி வந்தது, ஆனால் மெலிதாக. ஒரு துண்டுக் கறியை எடுத்துக் கடித்தான். ரப்பர். கிழங்கில் கத்தி பாதியோடு நின்றது. அவனுக்கு அழுகை வரும்போல் இருந்தது.

அக்கா கறுப்புக் கண்ணாடியைத் தலைமேல் ஏற்றிக்கொண்டு, பின்னாலிருந்து எட்டிப் பார்த்தாள். முகர்ந்தாள். ஒரு சொட்டைக் கையில் விட்டு நக்கினாள்.

"கெட்டுப் போகல. பெரிய பாத்திரம் இருக்கா? அதுல ஊத்தி அடுப்புல வெச்சு நல்லா கொதிக்க விடு. அப்புறம் இதுல ஊத்தி சூட்டக் கூட்டி வை. வேகும்."

"நேரமாகுமேக்கா. உன் பஸ்ஸு?"

"கடைசி பஸ் ஒண்ணு இருக்கு. நீ முதல்ல ஊத்து."

மனைவி வரும்போது பானையில் சூப் மறுபடி தளதளத்துக்கொண்டிருந்தது. மூடியின் மேல் அக்கா ஒரு கனமான தோசைக்கல்லைத் தூக்கி வைத்திருந்தாள். அவன் மூன்று முறை திறந்துவிட்டானாம்.

நாத்தனாரும் தம்பி மனைவியும் ஒரே மேஜையில் உட்கார்ந்தது அதுதான் முதல் முறை. கண் மருத்துவம், தொழிற்சாலை, நீச்சல் குளத்துத் தண்ணீரில் மருந்து வாசனை என்று சுற்றிச் சுற்றிப் பேச்சு நின்று நின்று போனது. அவன் ஜன்னலுக்கும் அடுப்படிக்குமாக நடந்துகொண்டிருந்தான்.

"இவன் எப்பவும் இப்படித்தான்" என்றாள் அக்கா. பிறகு, பார்வையை மேஜையில் வைத்துக்கொண்டே, "உனக்கும் கல்யாணத்தன்னிக்கு அவசரம்தான் போல" என்றாள்.

மனைவி நிமிர்ந்தாள். "எனக்கா? அண்ணி, உங்களுக்காகக் காத்திருக்கலாம்னு சொன்னதே நான்தான். அதிகாரி சாப்பிடப் போயிட்டா மறுபடி வரமாட்டார்னு இவர்தான் கையெழுத்துப் போட்டார். எங்கம்மாகூட கோவிச்சுக்கிட்டாங்க."

அக்கா அவன் பக்கம் திரும்பினாள். அவன் நடப்பதை நிறுத்தினான்.

"எட்டு வருஷமா இவதான் உன்ன அவசரப்படுத்தினான்னு நெனச்சிட்டிருந்தேன்டா. நீ ஒரு வார்த்த சொல்லல?"

"நீ கேக்கல."

"கேக்கணுமா? இதையும் நான் கேக்கணுமா?" அவள் குரல் உயர்ந்து, பாதியில் உடைந்தது. "இந்தப் பொண்ண எத்தனை வாட்டி மனசுல திட்டியிருப்பேன்."

"பரவால்ல அண்ணி" என்றாள் மனைவி. "எனக்கு விக்கலே வந்ததில்ல."

அக்கா அடக்கப் பார்த்தும் முடியாமல் சிரித்தாள். சிரித்துக்கொண்டே கண்ணைத் துடைத்தாள். உடனே, "ஐயோ, மருந்து விட்ட கண்ணு" என்று பதறினாள். மனைவி ஓடிப்போய்ச் சுத்தமான துணி கொண்டுவந்தாள். அவனைப் பார்த்து யாரும் சிரிக்கவில்லை. அவனிடம் அக்காவுக்கு இன்னும் கோபம் மிச்சமிருந்தது, அது அவனுக்கும் தெரிந்தது. நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தான். காலை ஆட்டினான். நிறுத்தினான். திரும்பவும் ஆட்டினான்.

"நான் பண்ணினது தப்புதான்க்கா" என்றான். மதியம் கம்பத்தின் மேல் பார்த்த கையைப் பற்றி அவளிடம் சொல்ல வேண்டும் போலிருந்தது. ஆனால் எங்கே ஆரம்பிப்பதென்று தெரியவில்லை.

"தெரியும். போய்க் கிண்ணம் எடுத்து வை."

சூப் வெந்திருந்தது. கறி எலும்பைவிட்டுக் கழன்று வந்தது, பார்லி உப்பிக் குழம்பைக் கெட்டியாக்கியிருந்தது. உருளைக்கிழங்கு மட்டும் ஒன்றிரண்டு துண்டு நடுவில் நறுக்கென்றது. அக்கா சாப்பிட்டு முடித்தாள். கிண்ணத்தை மறுபடி நீட்டினாள்.

பஸ் நிறுத்தத்துக்கு அவன்தான் கூடப் போனான். பஸ் வந்தது. அவள் ஏறி, ஜன்னலோரம் இடம் பிடித்து, ஜன்னலைத் தள்ளித் திறந்தாள்.

"அடுத்த தடவ கறி நான் வாங்கிட்டு வரேன். உன் கடைக்காரன் உனக்குக் கிழட்டு ஆட்டத் தள்ளியிருக்கான். அதான் அவ்ளோ நேரம் பிடிச்சுது."

"கரண்ட் போனதாலக்கா."

"ஆடுதான்டா" என்றாள் அவள், பஸ் நகரும்போது.