கயிறு யார் கையில்

துபாயில் ஒரு கண்காட்சியில் நிலாவில் நடப்பதுபோல நடக்க விடுகிறார்கள். மேலிருந்து தொங்கிய கயிறு என் எழுபத்திரண்டு கிலோவைப் பன்னிரண்டாக்கியது. மூன்று எட்டு வைத்து நிற்க நினைத்தேன். உடம்பு நிற்காமல் இன்னும் இரண்டு எட்டு போனது. தரையில் வைத்திருந்த கல்லை எடுக்கக் குனிந்தால் கால் தரையை விட்டது. நான்கு முறை தவறவிட்டேன். விழுந்தால் அறுவை செய்த முழங்கால் என்னாகும்? கயிறு அக்குளில் இறுகியதும் எங்கள் ஊர் கீழக்கரை நினைவு வந்தது.

வாப்பா சங்கு குளிப்பவர். கடலடியிலும் உடம்பு மிதக்கும். இடக்கையைத் தரையில் ஊன்றித்தான் சங்கை எடுப்பார். அவர் இடுப்பில் கட்டிய கயிற்றை வள்ளத்தில் உம்மாவின் தம்பி பிடித்திருப்பார். அக்காள் விதவையாகக் கூடாது என்று நினைப்பவன் கையில்தான் கயிறு இருக்க வேண்டும் என்பது வழக்கம். நிலாவில் மனிதன் நடந்ததை வானொலி சொன்ன அன்று வாப்பா ஒன்றுதான் கேட்டார்.

"கயிறு யாரு புடிச்சா?"

"கயிறே இல்லையாம் மச்சான்," என்றார் மாமா.

"அப்ப நான் போவமாட்டேன் மாப்ள."

இங்கே என் கயிற்றின் மறுமுனையைப் பிடித்திருந்த ஊழியர் கைப்பேசியைப் பார்த்துக்கொண்டிருந்தார். கராமாவில் கடை வைத்திருக்கும் என் மனைவியின் தம்பி வரிசையில் நின்றார்.

"மாப்ள, நீ வந்து புடி."

"ரெண்டடி உயரத்துக்கா மச்சான்?" என்று சிரித்தாலும் வந்து இரண்டு கையாலும் பிடித்தார்.

இடக்கையை ஊன்றினேன். ஐந்தாம் முறை கல் கைக்கு வந்தது.